அமெரிக்கக் குடியுரிமை: நாள் கணக்கிலிருந்து பட்டா வரை

ஓசூர், கிருஷ்ணகிரி, காவேரிப்பட்டணம், காரிமங்கலம், தருமபுரி என்று நம் பகுதியின் பல ஊர்களிலிருந்து பெங்களூரு வழியாக அமெரிக்காவுக்கு வேலைக்குச் சென்ற பிள்ளைகள் பலர், கிரீன் கார்டு பெற்று, இப்போது குடியுரிமைக்கு விண்ணப்பிக்கும் கட்டத்துக்கு வந்திருக்கிறார்கள். அவர்களுக்கு முன்பே குடியுரிமை பெற்றவர்கள் தங்கள் பெற்றோரையும் கிரீன் கார்டில் அழைத்துக்கொள்கிறார்கள். 21 வயது நிரம்பிய அமெரிக்கக் குடிமக்களுக்கு மட்டுமே அந்த உரிமை உண்டு. இக்கட்டுரை இவ்விரு தரப்பாருக்கும் உரியது. உறவினர்களுக்கும் தெருவில் உள்ளவர்களுக்கும் இந்தத் தாள்களை ஒழுங்குபடுத்தித் தருவதில் சில ஆண்டுகளாக உதவி வருகிறேன். தேர்வில் தவறியவர்களை விட, நாட்காட்டியில் தவறியவர்களையே நான் அதிகம் கண்டிருக்கிறேன். ஆகவே நாள் கணக்கிலிருந்தே தொடங்குகிறேன்.

கார்டில் உள்ள தேதி

உங்கள் கிரீன் கார்டை எடுத்து, எந்த நாள் முதல் நிரந்தரக் குடியிருப்பாளர் என்று அதில் அச்சிடப்பட்டிருக்கிறது என்பதைப் பாருங்கள். விசாவில் அமெரிக்காவுக்குச் சென்ற நாளோ, வேலையில் சேர்ந்த நாளோ இங்கே கணக்கில் வராது. கார்டில் உள்ள அந்தத் தேதியிலிருந்துதான் ஐந்து ஆண்டுகள் எண்ணப்படும். அமெரிக்கக் குடிமகனையோ குடிமகளையோ மணந்து, அவருடன் மூன்று ஆண்டுகள் சேர்ந்து வாழ்பவருக்கு, அந்தத் துணைவர் மூன்று ஆண்டுகளும் குடிமகனாக இருந்திருந்தால், ஐந்துக்குப் பதில் மூன்று ஆண்டுகள் போதும். இரண்டிலும் காலம் நிறைவடைவதற்கு 90 நாட்கள் முன்னதாகவே விண்ணப்பத்தை அனுப்பலாம். ஆனால் 91 நாட்கள் முன்னதாக அனுப்பிய விண்ணப்பம் தள்ளுபடியாகும், கட்டிய கட்டணமும் திரும்பாது. அவசரப்பட வேண்டாம், ஒரு வாரம் கூடுதலாகக் காத்திருந்து அனுப்புவதே நல்லது.

விண்ணப்பதாரருக்கு 18 வயது நிரம்பியிருக்க வேண்டும். எந்த மாநிலத்திலிருந்து விண்ணப்பிக்கிறாரோ அங்கே குறைந்தது மூன்று மாதங்கள் வசித்திருக்க வேண்டும். வீடு மாறினால் பத்து நாட்களுக்குள் குடியேற்றத் துறைக்குத் தெரிவிப்பது கிரீன் கார்டு வைத்திருப்பவரின் கடமை. பலர் இதை மறந்துவிடுகிறார்கள்.

ஊருக்கு வந்து தங்கும் நாட்கள்

இரண்டு கணக்குகளைத் தனித்தனியே பார்க்க வேண்டும். ஒன்று, நேரில் இருந்த நாட்கள்: விண்ணப்பிக்கும் நாளுக்கு முந்தைய ஐந்து ஆண்டுகளில் குறைந்தது 30 மாதங்கள், அதாவது 913 நாட்கள், அமெரிக்க மண்ணில் இருந்திருக்க வேண்டும்; மூன்றாண்டு விதியில் இது 18 மாதங்கள். மற்றொன்று, தொடர் வசிப்பு: ஒரே பயணத்தில் ஆறு மாதங்களுக்கு மேல் வெளியே தங்கிவிட்டால், வசிப்பு அறுந்துவிட்டது என்றே அதிகாரி முதலில் எடுத்துக்கொள்வார். அங்கே வேலை தொடர்ந்தது, வீடு இருந்தது, குடும்பத்தார் அங்கேயே இருந்தார்கள், வரி கட்டினோம் என்று சான்றுகளோடு காட்டினால் அதை மறுக்க இடமுண்டு. ஓராண்டோ அதற்கு மேலோ தங்கிவிட்டால் மறுக்க வழியில்லை. எண்ணிக்கை அறுந்துவிடும், திரும்பிச் சென்ற நாளிலிருந்து குறைந்தது நான்கு ஆண்டுகளும் ஒரு நாளும் காத்திருக்க வேண்டும்.

முதல் கணக்கில் தேறியவர் இரண்டாவதில் தவறுவதும், இரண்டாவதில் தேறியவர் முதலில் தவறுவதும் நடக்கிறது. நம் பகுதிப் பெற்றோருக்கு இது ஏன் பெரிய சிக்கல் என்பதை ஓர் எடுத்துக்காட்டால் சொல்கிறேன். மாந்தோப்பு வைத்திருக்கும் ஒருவர், அமெரிக்கக் குளிரிலிருந்து தப்பித்து, பொங்கலுக்குச் சில நாட்கள் முன்பு, ஜனவரி 10 அன்று ஊருக்கு வருகிறார் என்று கொள்வோம். பூ எடுப்பதைப் பார்க்க வேண்டும், மருந்து அடிக்க வேண்டும், செந்தூராவும் பெங்களூராவும் அறுத்து மாங்கூழ் ஆலைக்கு அனுப்ப வேண்டும், கடைசியாக நீலம் அறுப்பும் முடிய வேண்டும். ஜூலை 20 அன்று கிளம்பினால் 191 நாட்கள் ஆகிவிடுகின்றன. அதுவரை இருந்தவர் ஆடிப்பெருக்குக்கு ஒகேனக்கல் போய்விட்டு வருவோம் என்று ஆகஸ்ட் 3 வரை தங்கினால் 205 நாட்கள். ஒரே ஒரு காய்ப்பு முழுவதையும் கூட இருந்து பார்த்ததற்காக அவருடைய ஐந்தாண்டுத் தொடர் வசிப்பு கேள்விக்கு உள்ளாகிறது.

அதே மனிதர் ஏப்ரல் 10 அன்று வந்து ஆகஸ்ட் 10 அன்று திரும்பினால் 122 நாட்களே ஆகும். ஐந்து ஆண்டும் இப்படியே வந்தாலும் வெளியே இருந்தது 610 நாட்கள். 1,826 நாட்களில் மீதி 1,216 நாட்கள் அங்கே இருந்திருப்பார். அறுப்பும் ஆடிப்பெருக்கும் இந்த நான்கு மாதங்களுக்குள் அடங்கிவிடுகின்றன. பொங்கலை மட்டும் ஐந்து ஆண்டுகளுக்கு விட்டுக்கொடுக்க வேண்டியிருக்கும். பாதி அங்கே, பாதி இங்கே என்று சிலர் சொல்வதையும் கணக்கிட்டுப் பாருங்கள். ஆண்டுக்கு 183 நாட்கள் வீதம் வெளியே இருந்தால் ஐந்து ஆண்டில் 915 நாட்கள் ஆகி, மீதி 911 மட்டுமே நிற்கும். இரண்டே நாட்களில் விண்ணப்பம் தகுதியற்றதாகிவிடும்.

மறுநுழைவு அனுமதி வாங்கினால் இரண்டு ஆண்டுகள் வரை வெளியே தங்கலாமே என்று கேட்பவர்கள் உண்டு. அந்த அனுமதி கிரீன் கார்டைக் காப்பாற்றும். குடியுரிமைக்கான எண்ணிக்கையைக் காப்பாற்றாது. எங்கள் உறவில் பெரியவர் ஒருவர் அந்த அனுமதியோடு பதினான்கு மாதங்கள் ஊரில் தங்கி, வீட்டு வேலையை முடித்துவிட்டுத் திரும்பினார். விமான நிலையத்தில் ஒரு கேள்வியும் எழவில்லை என்பதால் எல்லாம் சரியாக இருப்பதாக நம்பினார். மூன்று ஆண்டுகள் கழித்து விண்ணப்பிக்க உட்கார்ந்தபோதுதான் எண்ணிக்கை அறுந்திருந்தது அவருக்குத் தெரிந்தது. அந்த வயதில் ஒருவர் இழக்கும் ஆண்டு திரும்பி வருவதில்லை. அதனால்தான் இதை இவ்வளவு விரிவாக எழுதுகிறேன்.

ஒரு நோட்டுப் புத்தகம் போடுங்கள். கிளம்பிய நாள், திரும்பிய நாள், எந்த நாடு என்று ஒவ்வொரு பயணத்தையும் அன்றே எழுதி வையுங்கள். விமானச் சீட்டின் நகலையும் சேர்த்து வையுங்கள். அமெரிக்காவை விட்டுக் கிளம்பிய நாளும் அங்கே இறங்கிய நாளும் அமெரிக்காவில் இருந்த நாட்களாகவே எண்ணப்படும். ஐந்து ஆண்டுப் பயணங்களை நினைவிலிருந்து எழுத முயன்று, நேர்காணலில் தேதி முரண்பட்டுத் தடுமாறியவர்கள் பலர்.

ஊரிலிருந்து வேண்டிய சான்றுகள்

குடியுரிமை விண்ணப்பத்துக்குப் பிறப்புச் சான்று பொதுவாகக் கேட்கப்படுவதில்லை. அது கிரீன் கார்டு கட்டத்திலேயே கொடுக்கப்பட்டிருக்கும். ஆனால் பிறகு அமெரிக்கப் பாஸ்போர்ட்டுக்கும் வெளிநாடு வாழ் இந்தியக் குடிமகன் என்னும் ஓ.சி.ஐ. அட்டைக்கும் பிறந்த இடம் எழுத வேண்டும். அங்கே நம் மாவட்டங்களின் வரலாறு குறுக்கே வருகிறது. தருமபுரி மாவட்டம் 1965 அக்டோபர் 2 அன்று சேலம் மாவட்டத்திலிருந்து பிரிந்தது. கிருஷ்ணகிரி மாவட்டம் 2004 பிப்ரவரி 9 அன்று தருமபுரியிலிருந்து பிரிந்தது. ஆகவே 1962-இல் காவேரிப்பட்டணத்தில் பிறந்த ஒருவரின் பழைய பதிவில் சேலம் மாவட்டம் என்றும், பள்ளிச் சான்றில் தருமபுரி என்றும், ஆதாரில் கிருஷ்ணகிரி என்றும் இருப்பது இயல்பே. இதைப் பிழை என்று எண்ணிச் சான்றுகளைத் திருத்த அலைய வேண்டியதில்லை. பாஸ்போர்ட்டில் எந்த இடம் எழுதப்பட்டிருக்கிறதோ அதையே எல்லாப் படிவங்களிலும் எழுதுங்கள். கேள்வி எழுந்தால் மாவட்டங்கள் பிரிந்த தேதிகளைக் குறிப்பிட்டு ஒரு விளக்கக் கடிதம் இணையுங்கள்.

மூன்றாண்டு விதியில் விண்ணப்பிப்பவர் திருமணச் சான்று இணைக்க வேண்டும். தமிழ்நாட்டில் 2009-ஆம் ஆண்டுச் சட்டப்படி திருமணப் பதிவு கட்டாயம். கோயிலில் தாலி கட்டி, மண்டபத்தில் விருந்து வைத்து, பதிவை மட்டும் விட்டுவிட்டவர்கள் ஊருக்கு வரும் அடுத்த பயணத்திலேயே சார்பதிவாளர் அலுவலகத்தில் அதை முடித்துக்கொள்ள வேண்டும். தமிழில் உள்ள எந்த ஆவணத்தையும் முழுமையான ஆங்கில மொழிபெயர்ப்புடன் கொடுக்க வேண்டும். இரு மொழியும் அறிந்தவர், மொழிபெயர்ப்பு சரியானது என்று எழுதிக் கையொப்பமிட வேண்டும்.

படிவத்தில் உண்மை

விண்ணப்பத்தின் பெயர் என்-400 படிவம். பெரும்பகுதி பெயர், முகவரி, வேலை, பயணம் பற்றிய எளிய கேள்விகள். பின்பகுதியில் ‘எப்போதாவது’ என்று தொடங்கும் நீண்ட கேள்வி வரிசை உண்டு. கவனம் முழுவதும் அங்கேதான் வேண்டும். உலகில் எங்காவது கைது செய்யப்பட்டீர்களா, உங்கள் மீது குற்றம் சாட்டப்பட்டதா என்று அதில் கேட்கிறார்கள். நம் ஊர்களில் வரப்புத் தகராறிலும் பாதைத் தகராறிலும் குடும்பத்தில் உள்ள அத்தனை பேர் பெயரையும் புகாரில் சேர்த்துவிடுவது வழக்கம். இருபது ஆண்டுகளுக்கு முன் அப்படி ஒரு முதல் தகவல் அறிக்கையில் உங்கள் பெயர் ஏறி, வழக்கு பிறகு சமாதானத்தில் முடிந்திருந்தாலும், அதை மறைக்காதீர்கள். நீதிமன்றத்திலிருந்து வழக்கு முடிந்த உத்தரவின் சான்றிட்ட நகலைப் பெற்று, விண்ணப்பத்துக்கு முன்பே குடியேற்ற வழக்கறிஞர் ஒருவரிடம் காட்டுங்கள். பழைய வழக்கைப் பெரும்பாலும் விளக்கிவிடலாம். மறைத்தது வெளிப்பட்டால் அந்தப் பொய்யே தனிக் காரணமாகி விண்ணப்பத்தை வீழ்த்திவிடும்.

வரியிலும் இதே கவனம் வேண்டும். கிரீன் கார்டு பெற்றவர் உலகெங்கும் பெறும் வருமானத்தை அமெரிக்க வரிக் கணக்கில் காட்ட வேண்டும். விவசாய வருமானத்துக்கு இந்தியாவில் வருமான வரி இல்லை என்பதால் தோப்புக் குத்தகைப் பணத்தைக் கணக்கில் காட்டாமல் விடுகிறார்கள். அமெரிக்கச் சட்டத்தில் அந்த விலக்கு கிடையாது. தருமபுரியில் உள்ள கடையின் வாடகைக்கும் இது பொருந்தும். இந்திய வங்கிக் கணக்குகள் அனைத்திலும் உள்ள தொகை சேர்ந்து ஆண்டில் ஒரு நாளாவது 10,000 டாலரைத் தாண்டினால் அதைத் தனியே தெரிவிக்கவும் வேண்டும். விடுபட்டிருந்தால், விண்ணப்பிக்கும் முன் கணக்காளர் மூலம் திருத்திக்கொள்ள வழிகள் இருக்கின்றன.

ஓட்டுநர் உரிமம் வாங்கும்போது வாக்காளராகப் பதிந்துகொள்ள விருப்பமா என்று கேட்பார்கள். குடிமகனாகும் முன் அதற்கு ஆம் என்று சொல்லிவிடாதீர்கள். தெரியாமல் பதிந்ததும், அதை நம்பி வாக்களித்ததும் குடியுரிமையை மட்டுமல்லாமல் கிரீன் கார்டையே பறிக்கக் கூடியவை. 26 வயதுக்கு முன் கிரீன் கார்டு பெற்ற ஆண்கள், தேவைப்பட்டால் ராணுவத்துக்கு அழைப்பதற்காக அரசு வைத்திருக்கும் ராணுவத் தெரிவுப் பட்டியலில் பதிந்திருக்கிறார்களா என்பதையும் பார்த்துக்கொள்ள வேண்டும்.

கட்டணமும் கைரேகையும்

2024 ஏப்ரல் 1 முதல் இணையவழி விண்ணப்பத்துக்கு 710 டாலர், தாள் விண்ணப்பத்துக்கு 760 டாலர் என்று கட்டணம் உள்ளது. வருமானம் குறைந்தவர்களுக்கு 380 டாலர் என்ற சலுகைக் கட்டணமும் உண்டு. அனுப்பும் நாளில் குடியேற்றத் துறையின் இணையதளத்தில் தொகையை ஒருமுறை சரிபாருங்கள். இணையவழியே அனுப்புவதுதான் எளிது. அதன்பின் கைரேகைக்கும் நிழற்படத்துக்கும் ஒரு நாள் அழைப்பார்கள். அன்று கேள்விகள் எதுவும் இராது.

நேர்காணல்

நேர்காணலில் மூன்று காரியங்கள் நடக்கும். அதிகாரி உங்கள் படிவத்தை வரிவரியாகக் கேட்டுச் சரிபார்ப்பார். நீங்கள் பதில் சொல்வதைக் கொண்டே உங்கள் ஆங்கிலப் பேச்சு மதிப்பிடப்படும். பிறகு மூன்று வாக்கியங்களுள் ஒன்றைச் சரியாக வாசிக்கவும், மூன்றுள் ஒன்றைச் சரியாக எழுதவும் வேண்டும். அடுத்து வரலாறும் ஆட்சிமுறையும் பற்றிய வாய்மொழித் தேர்வு. 2025 அக்டோபர் 20 முதல் விண்ணப்பித்தவர்களுக்கு 128 வினாக்கள் கொண்ட புதிய பட்டியலிலிருந்து 20 வரை கேட்கப்படும்; 12-க்குச் சரியான விடை சொன்னால் தேர்ச்சி. அதற்கு முன் விண்ணப்பித்தவர்களுக்கு 100 வினாக்கள் கொண்ட பழைய பட்டியல்; பத்துக்கு ஆறு போதும். வினாவும் விடையும் அரசாலேயே வெளியிடப்பட்டுள்ளன. உச்ச நீதிமன்றத்தில் ஒன்பது நீதிபதிகள், அரசியல் சட்டத்துக்கு 27 திருத்தங்கள், செனட்டர் பதவிக்காலம் ஆறு ஆண்டுகள் என்று நாளுக்கு ஐந்தாகப் படித்தால் ஒரு மாதத்துக்குள் முடித்துவிடலாம்.

என் அனுபவத்தில் கடினமானது இந்த வினாப்பட்டியல் அன்று. படிவத்தைப் பற்றிய உரையாடலே. ‘விசுவாச உறுதிமொழி என்றால் என்ன என்று உங்கள் சொற்களில் சொல்லுங்கள்’ என்று அதிகாரி கேட்டுவிட்டால், ஆம், இல்லை என்று மட்டும் பழகியவர்கள் திகைத்து நிற்கிறார்கள். படிவத்தில் உள்ள ஒவ்வொரு கடினச் சொல்லுக்கும் எளிய ஆங்கிலத்தில் ஒரு வரி விளக்கம் எழுதி, வாய்விட்டுச் சொல்லிப் பழகுங்கள்.

பெற்றோருக்கான விலக்குகளைச் சரியாகப் புரிந்துகொள்ள வேண்டும், ஏனெனில் இதில் தவறான நம்பிக்கைகள் நிறைய உலவுகின்றன. விண்ணப்பிக்கும்போது 50 வயது நிரம்பி 20 ஆண்டுகள் கிரீன் கார்டு வைத்திருந்தவருக்கும், 55 வயது நிரம்பி 15 ஆண்டுகள் வைத்திருந்தவருக்கும் ஆங்கிலத் தேர்வு இல்லை. வரலாற்றுத் தேர்வில் மொழிபெயர்ப்பாளர் துணையோடு தமிழிலேயே வாய்மொழியாக விடை சொல்லலாம். 65 வயதும் 20 ஆண்டுகளும் நிரம்பியவருக்கு வெறும் 20 வினாக்கள் கொண்ட சிறு பட்டியல் போதும்; பத்துக் கேட்டு ஆறு சொல்ல வேண்டும், அதுவும் தமிழில். ஆனால் வயது மட்டும் போதாது என்பதைப் பாருங்கள். 58 வயதில் கிரீன் கார்டு பெற்ற ஒருவருக்கு 63 வயதில் விண்ணப்பத் தகுதி வந்துவிடும்; தமிழில் விடை சொல்லும் சலுகையோ 73 வயதில்தான் வரும். பத்து ஆண்டுகள் காத்திருப்பதை விட ஆங்கிலம் கற்பதே மேல் என்பது என் முடிவு. வாசிப்புக்கும் எழுத்துக்குமான சொற்பட்டியலும் வெளியிடப்பட்டுள்ளது, அது சிறியது. அமெரிக்காவில் பல பொது நூலகங்களில் இலவச வகுப்புகள் நடக்கின்றன. நாளும் மாலையில் பேரப்பிள்ளை ஒரு வாக்கியம் சொல்ல, பாட்டி அதை எழுதுவது என்று வைத்துக்கொண்ட ஒரு வீட்டில், பத்தாம் வகுப்பைத் தாண்டாத அந்த அம்மா முதல் முறையிலேயே தேறினார்.

மறதி நோய் போன்ற காரணங்களால் கற்கவே இயலாதவர்களுக்கு என்-648 என்னும் மருத்துவ விலக்குப் படிவம் உண்டு. அதை அமெரிக்காவில் உரிமம் பெற்ற மருத்துவரோ மருத்துவ உளவியலாளரோதான் சான்றளிக்க முடியும். இங்கே பல ஆண்டுகளாகப் பார்த்துவரும் மருத்துவரின் சான்று துணை ஆவணமாக மட்டுமே உதவும்.

முதல் முறை தவறினால், தவறிய பகுதிக்கு மட்டும் 60 முதல் 90 நாட்களுக்குள் மீண்டும் ஒரு வாய்ப்புத் தருவார்கள். விண்ணப்பம் மறுக்கப்பட்டால் 30 நாட்களுக்குள் மறு விசாரணை கேட்கலாம்.

உறுதிமொழியும் பெயரும்

தேறியதாகச் சொன்ன நாளில் நீங்கள் குடிமகன் ஆகிவிடுவதில்லை; விழாவில் உறுதிமொழி எடுத்த பிறகே ஆகிறீர்கள். அன்று கிரீன் கார்டைத் திரும்பக் கொடுத்துச் சான்றிதழைப் பெறுவீர்கள். கிரீன் கார்டோடு உங்களுடன், உங்கள் பொறுப்பில் வாழும் 18 வயதுக்குட்பட்ட பிள்ளை, தனி விண்ணப்பம் இல்லாமலே உங்களோடு குடியுரிமை பெறும்.

தலைப்பெழுத்து மட்டும் வைத்துக்கொள்ளும் நம் வழக்கத்தால் அங்கே பலருக்குப் பெயர்ச் சிக்கல் உண்டு. பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர்க் கட்டம் காலியாக இருந்ததால், உள்ள ஒரே பெயர் குடும்பப் பெயராகி, விசாவில் முதற்பெயர் அறியப்படவில்லை என்று பொருள்படும் எஃப்.என்.யு. என்னும் மூன்று எழுத்துகள் ஏறி, அதுவே உரிமம் வரை தொடர்ந்தவர்கள், என்-400 படிவத்திலேயே பெயர் மாற்றம் கோரலாம். நீதிபதி முன் நடக்கும் விழாவில் மட்டுமே அது நிறைவேறும் என்பதால் சற்றுத் தாமதம் ஆகலாம். இருந்தாலும் பொறுத்திருந்து திருத்திக்கொள்வது நல்லது. பெயர் மாற்ற உத்தரவின் நகலைப் பத்திரப்படுத்துங்கள், ஓ.சி.ஐ. விண்ணப்பத்துக்குத் தேவைப்படும்.

இந்தியப் பக்கம் முடிக்க வேண்டியவை

இந்தியச் சட்டம் இரட்டைக் குடியுரிமையை ஏற்பதில்லை. 1955-ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டத்தின் 9-ஆம் பிரிவின்படி, உறுதிமொழி எடுத்த அந்த நேரத்திலேயே இந்தியக் குடியுரிமை தானாக முடிகிறது. அதன்பின் பழைய பாஸ்போர்ட்டில் பயணம் செய்வது குற்றம். அமெரிக்கப் பாஸ்போர்ட் பெற்று, இந்தியப் பாஸ்போர்ட்டை ஒப்படைத்துச் சான்று வாங்கி, பிறகு ஓ.சி.ஐ. அட்டைக்கு விண்ணப்பிப்பது வரிசை. இவை முடியும் வரை ஊர்த் திருவிழாவுக்கென்று விமானச் சீட்டு எடுத்துவிடாதீர்கள். ஓ.சி.ஐ. கிடைத்தபின் எத்தனை மாதங்களானாலும் ஊரில் தங்கலாம். மேலே சொன்ன நாள் கணக்கு இனி உங்களைக் கட்டாது. வாக்குரிமை மட்டும் இராது. வாக்காளர் பட்டியலிலிருந்து பெயரை நீக்கப் படிவம் 7 கொடுங்கள்.

நிலத்தைப் பற்றிச் சொல்ல வேண்டியது நிறைய உண்டு. ஓ.சி.ஐ. அட்டை வைத்திருப்பவர் இந்தியாவில் வீடும் மனையும் வாங்கலாம். விவசாய நிலம், தோட்டம், பண்ணை வீடு வாங்க முடியாது. இந்தியக் குடியுரிமையை வைத்துக்கொண்டே வெளிநாட்டில் வாழ்பவருக்கும் இதே தடை உண்டு என்பதால், குடியுரிமை மாறியதால் இந்த உரிமை போயிற்று என்று வருந்த வேண்டியதில்லை. இங்கே வசித்த காலத்தில் வாங்கிய தோப்பை அவர் தொடர்ந்து வைத்துக்கொள்ளலாம். விற்பதானால் இந்தியாவில் வசிக்கும் இந்தியக் குடிமகனுக்கே விற்க வேண்டும்.

பெற்றோர் இங்கே, பிள்ளை அங்கே என்ற குடும்பங்களில் அடிக்கடி நேரும் தவறு தான செட்டில்மெண்ட். உயிரோடு இருக்கும்போதே மகனுக்கு எழுதிவைத்துவிடலாம் என்று தகப்பனார் தோப்பைத் தானமாக எழுதுகிறார். வெளிநாட்டில் வாழும் பிள்ளை விவசாய நிலத்தைத் தானமாகப் பெற அன்னியச் செலாவணி விதிகள் இடம் தருவதில்லை. ஆனால் வாரிசு முறையில் பெறத் தடையில்லை. எனவே தோப்பையும் வயலையும் பொறுத்தவரை பதிவு செய்த உயிலே பாதுகாப்பானது. சர்வே எண்களையும் உட்பிரிவுகளையும் பட்டாவோடு ஒப்பிட்டு எழுத வேண்டும். உயில் இல்லாமல் தகப்பனார் இறந்தாலும் அமெரிக்கக் குடிமகனான மகனுக்கும் மகளுக்கும் பங்கு உண்டு; வாரிசுச் சான்று எடுக்கும்போது வெளிநாட்டில் இருப்பவர் பெயரை விட்டுவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

அங்கிருந்து அனுப்பும் பவர் பத்திரம் இந்தியத் தூதரகத்தில் சான்றொப்பம் பெற்றதாகவோ, அமெரிக்க நோட்டரி முன் கையொப்பமாகி அப்போஸ்டில் என்னும், வெளிநாட்டிலும் செல்லத்தக்க அரசுச் சான்று முத்திரை பெற்றதாகவோ இருக்க வேண்டும். இந்தியாவுக்கு வந்து சேர்ந்த மூன்று மாதங்களுக்குள் அதற்கு முத்திரைத் தீர்வை செலுத்தியாக வேண்டும். குடியுரிமை மாறும் முன் கொடுத்த பழைய பவர் பத்திரத்தில் இந்தியப் பாஸ்போர்ட் எண்ணே இருக்கும். அதை வைத்துப் பத்திரப் பதிவுக்குப் போகாமல், புதிய பாஸ்போர்ட் எண்ணுடனும் ஓ.சி.ஐ. எண்ணுடனும் வேறொன்று எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.